கோடு சேர்ந்தால் டைமிங் சேர்ந்ததா?

டீசல் இன்ஜினில் ஸ்பார்க் பிளக் கிடையாது. காற்றை மட்டும் சிலிண்டருக்குள் இழுத்து, இருபதில் ஒரு பங்கு இடத்துக்குள் அடைத்தால், அந்தக் காற்று 500 டிகிரி செல்சியஸையும் தாண்டிச் சூடாகிறது. அதற்குள் டீசலைப் பீய்ச்சினால் தானாகப் பற்றிக்கொள்கிறது. ஆக, டீசல் உள்ளே வரும் கணம்தான் தீ மூட்டும் கணம். அதைத் தீர்மானிப்பது பம்ப். பம்பை இன்ஜினோடு எந்த நிலையில் பூட்டியிருக்கிறோம் என்பதற்கு அடையாளமாகச் சில கோடுகளும் புள்ளிகளும் இருக்கும். பட்டறைப் பேச்சில் டைமிங் மார்க்.

இந்தக் கோடுகளை நேருக்கு நேர் கொண்டுவந்துவிட்டால் வேலை முடிந்தது என்று நம்புகிறவர்கள் நிறையப் பேர். பல சமயம் வண்டியும் கிளம்பிவிடும். ஆனால் கோட்டுக்குத் தெரிந்ததெல்லாம் ஷாஃப்ட் எங்கே நிற்கிறது என்பது மட்டும்தான். டீசல் எப்போது புறப்படுகிறது என்பதை டீசலிடம்தான் கேட்க வேண்டும். அப்படிக் கேட்பதற்கு ஒரு பழைய, எளிய வழி இருக்கிறது.

மெர்சிடஸ் பென்ஸின் ஓஎம்616 இன்ஜினை எடுத்துக்கொள்வோம். நான்கு சிலிண்டர், 2.4 லிட்டர், 21-க்கு 1 அழுத்த விகிதம். 1970களின் பிற்பகுதியில் ஜெர்மனியில் வந்த 207டி வேனை இழுத்தது இதுதான். 1980களில் பஜாஜ் டெம்போ உரிமம் வாங்கி இதைப் புனேயில் செய்யத் தொடங்கியது. டெம்போ டிராவலரில் கோயில் சுற்றுலாவோ கல்யாண வீட்டுப் பயணமோ போனவர்களுக்கு அந்தக் கடகட சத்தம் பழக்கமானது.

வரிசைப் பம்ப் (சிலிண்டருக்கு ஒன்றாகத் தள்ளும் தண்டுகள் வரிசையாக நிற்கும் பம்ப்) பூட்டிய ஜெர்மன் ஓஎம்616-க்குக் கையேடு சொல்லும் எண் 24 டிகிரி. அதாவது பிஸ்டன் உச்சிக்கு வர, பிஸ்டன்களின் ஏற்ற இறக்கத்தைச் சுழற்சியாக்கும் தண்டான கிராங்க் இன்னும் 24 டிகிரி சுற்ற வேண்டியிருக்கும்போதே பம்ப் டீசலைத் தள்ளத் தொடங்கிவிட வேண்டும். பிஸ்டன் மேலே ஏறிக்கொண்டிருக்கும்போதே தள்ளினால் அது பிஸ்டனை எதிர்த்து மோதாதா?

மோதாது. பம்ப் தள்ளத் தொடங்குவதற்கும் சிலிண்டருக்குள் தீப்பிடிப்பதற்கும் நடுவே இரண்டு தாமதங்கள் உண்டு. முதலாவது குழாயில். பம்பிலிருந்து, சிலிண்டருக்குள் டீசலைப் பீய்ச்சும் முனையான நாசில் வரை போகும் இரும்புக் குழாயில் எப்போதும் டீசல் நிரம்பியே இருக்கும். பம்ப் தள்ளும்போது ஓர் அழுத்த அலை அந்த டீசல் வழியாக நாசிலுக்குப் போகிறது. டீசலில் அந்த அலையின் வேகம் நொடிக்குச் சுமார் 1,350 மீட்டர். குழாய் அரை மீட்டர் நீளம் என்றால் 0.37 மில்லிநொடி பிடிக்கும். கேட்க ஒன்றுமில்லாதது மாதிரி இருக்கிறது. ஆனால் நிமிடத்துக்கு 3,000 சுற்றில் ஓடும் கிராங்க் ஒரு மில்லிநொடிக்குள் 18 டிகிரி திரும்பிவிடுகிறது. குழாய்க்குள் மட்டும் ஏறக்குறைய ஏழு டிகிரி கரைந்துபோகிறது. நான்கு சிலிண்டருக்கும் குழாய்களை ஒரே நீளத்தில் வைப்பது இதனால்தான். பம்புக்குப் பக்கத்தில் இருக்கும் சிலிண்டருக்குப் போகும் குழாயைத் தேவையில்லாமல் வளைத்து நெளித்து விட்டிருக்கிறார்களே என்று நினைத்தவர்களுக்கு இதுவே பதில்.

இரண்டாவது தாமதம் சிலிண்டருக்குள். தாளிக்கும்போது கடுகு எண்ணெயில் விழுந்த உடனே வெடிப்பதில்லை. சூடேற ஒரு கணம் எடுத்துக்கொள்கிறது. எண்ணெய் நன்றாகக் காய்ந்திருந்தால் விழ விழ வெடிக்கும். காயாத எண்ணெயில் ஒரு கரண்டி கடுகைக் கொட்டினால் கொஞ்ச நேரம் சும்மா கிடந்துவிட்டு, எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து முகத்தில் தெறிக்கும். டீசலும் அப்படித்தான். துளிகள் ஆவியாகி, காற்றோடு கலந்து, பற்றுவதற்கு ஏறக்குறைய ஒரு மில்லிநொடி வேண்டும். டீசல் சீக்கிரமாக உள்ளே வந்துவிட்டால் காற்று இன்னும் போதிய அளவு நசுங்கியிருக்காது, சூடும் குறைவு. பற்றாமல் டீசல் சேர்ந்துகொண்டே போய், பற்றும்போது மொத்தமும் ஒரே அடியாக எரியும். இன்ஜின் சுத்தியலால் தட்டுவதுபோல் ஒலிப்பது இதனால். ஹெட் கேஸ்கெட், பேரிங், பிஸ்டன் எல்லாம் அந்த அடியைத் தாங்கியாக வேண்டும்.

எதிர்ப்பக்கம் தள்ளிப்போனால் வேறு தொல்லை. டீசல் வரும்போது பிஸ்டன் ஏற்கெனவே கீழே இறங்கத் தொடங்கியிருக்கும். காலையில் கிளப்பினால் கண்ணைக் கரிக்கும் வெள்ளைப் புகை வரும். அது எரியாத டீசல். மேட்டில் இழுக்காது. எரிதல் நீண்டு, சூடெல்லாம் சைலன்சர் பக்கம் போய்விடும்.

இப்போது பம்புக்குள் போவோம். ருடால்ஃப் டீசல் 1897-இல் ஓட்டிக்காட்டிய இன்ஜினில் எரிபொருளை உள்ளே ஊதியது அழுத்தக் காற்று. அதற்கென்று ஒரு கம்ப்ரசரையும் சுமக்க வேண்டியிருந்ததால் அந்த ஏற்பாடு கப்பலுக்கும் ஆலைக்கும் சரி, வண்டிக்கு ஒத்துவரவில்லை. ராபர்ட் போஷின் நிறுவனம் ஸ்டட்கார்ட்டில் 1927-இல் வரிசைப் பம்பைப் பெருமளவில் தயாரிக்கத் தொடங்கிய பிறகே டீசல் சாலையில் வேரூன்றியது. இந்தியாவில் அந்தப் பம்ப் 1951-இல் பெங்களூரில் தொடங்கிய மைக்கோவின் பெயரால் பரவியது. போஷ் என்று பெயர் மாறிப் பல ஆண்டுகள் ஆன பிறகும் 'மைக்கோ பம்ப்' என்று சொல்லும் மெக்கானிக்குகள் இருக்கிறார்கள்.

ஒவ்வொரு சிலிண்டருக்கும் பம்பில் மேலும் கீழும் போகும் ஒரு தண்டு, பிளஞ்சர். அதைச் சுற்றி ஓர் உருளை, பேரல். இரண்டும் சேர்ந்த ஜோடிக்குப் பம்ப் கடைகளில் எலிமென்ட் என்று பெயர். இரண்டுக்கும் நடுவே இடைவெளி இரண்டு மூன்று மைக்ரோமீட்டர்தான். வாஷர், சீல் எதுவும் கிடையாது. பேரலின் சுவரில் ஒரு சிறு துளை. பிளஞ்சர் கீழே இருக்கும்போது அந்தத் துளை வழியாக டீசல் நிரம்புகிறது. சுழலும் தண்டில் இருக்கும் மேடான காம் தூக்க, பிளஞ்சர் மேலே வருகிறது. துளை திறந்திருக்கும் வரை டீசல் வந்த வழியே திரும்பிப் போய்விடும். பிளஞ்சரின் மேல்விளிம்பு துளையை மூடியதும் டீசலுக்குப் போக்கிடம் இல்லை. நாசிலை நோக்கித்தான் போக வேண்டும். இந்த மூடும் கணம்தான் நாம் தேடுவது. சுமார் 115 பார் அழுத்தத்தில் நாசில் திறக்கிறது. முழு வேகத்தில்கூட ஒரு தடவைக்குப் போகும் டீசல் ஏறக்குறைய ஒரு சொட்டுதான்.

பிளஞ்சரின் பக்கவாட்டில் சாய்வாக ஒரு வெட்டு இருக்கும். அது துளையை எட்டியதும் அழுத்தம் விட்டுப்போய்விடும். ஆக்சிலரேட்டரை மிதித்தால் பிளஞ்சர் தன் அச்சில் லேசாகத் திரும்பி, அந்த வெட்டு தாமதமாகத் துளைக்கு வருகிறது. தொடக்கம் அதேதான், முடிவுதான் தள்ளிப்போகிறது. எனவே டைமிங் பார்க்கும்போது தொடக்கத்தைப் பிடித்தால் போதும்.

இனி மார்க்குகள். கிராங்கின் முன்முனையில் இருக்கும் சக்கரமான டாம்பர் புல்லியில் டிகிரி அளவுகோல் பொறித்திருக்கும். பிளாக்கில் ஒரு முள் அதைக் காட்டி நிற்கும். ஜெர்மன் இன்ஜின்களில் உச்சிநிலைக்கு 'ஓ.டி.' என்று போட்டிருப்பார்கள். பலர் தடுக்கி விழும் இடம் இதுதான். நான்கு ஸ்ட்ரோக் இன்ஜினில் ஒரு சுழற்சிக்கு கிராங்க் இரண்டு சுற்று சுற்றுகிறது, பம்ப் ஒரு சுற்று. ஆகவே முள் 24-ஐக் காட்டும் நேரம் ஒரு சுழற்சியில் இரண்டு தடவை வரும். ஒன்றில் முதல் சிலிண்டர் காற்றை நசுக்கிக்கொண்டிருக்கும். மற்றதில் புகையை வெளியே தள்ளிக்கொண்டிருக்கும். டேப்பட் கவரைத் திறந்து, முதல் சிலிண்டரின் இரண்டு காம் மேடுகளும் மேல்நோக்கி விரிந்து, இரண்டு வால்வும் மூடியிருப்பதைப் பார்த்தால்தான் எந்தத் தடவை என்று நிச்சயம்.

அடுத்தது, கிராங்குக்கும் பம்புக்கும் நடுவே இருக்கும் செயின். ஒரு பல் தவறினால் என்ன ஆகும்? பம்ப் பக்கச் சக்கரத்தில் 40 பல் இருப்பதாக வைத்துக்கொண்டால் ஒரு பல்லுக்குப் பம்பில் 9 டிகிரி, கிராங்கில் 18 டிகிரி. வண்டி கிளம்பவே கிளம்பாமல் போகலாம். பல் மாறாமலும் பிசகு வரும்: செயின் தேய்ந்து நீள நீள, பம்ப் கொஞ்சம் கொஞ்சமாகப் பின்தங்கிக்கொண்டே போகும். செயினுக்குப் பதில் பல்சக்கரங்கள் இருக்கும் இன்ஜின்களில் சில சமயம் இடைச்சக்கரத்தின் பல் எண்ணிக்கையால், ஒருமுறை சேர்ந்த மார்க்குகள் பல சுற்றுக்குப் பிறகே மறுபடி சேரும். சரியாகப் பூட்டிவிட்டு, இரண்டு சுற்று சுற்றிப் பார்த்து, 'மார்க் போச்சே' என்று மறுபடி கழற்றியவர்கள் உண்டு.

மூன்றாவது, பம்பை இன்ஜினோடு பூட்டும் விளிம்பான ஃப்ளாஞ்சில் இருக்கும் கோடு. பம்ப் பூட்டும் துளைகள் நீள்வட்டமாக இருப்பதால் நட்டைத் தளர்த்தி உடலைச் சில டிகிரி திருப்பலாம். காம் சுழலும் திசைக்கு எதிராக உடலைத் திருப்பினால் டீசல் முன்னதாகப் போகும். அதே திசையில் திருப்பினால் பின்னதாக. பம்பைக் கழற்றுமுன் ஃப்ளாஞ்சிலும் பிளாக்கிலும் ஊசியால் ஒரு கீறல் போட்டுவைப்பது நல்ல பழக்கம். ஆனால் அந்தக் கீறல் செல்லுபடியாவது அதே பம்பைத் தொடாமல் திரும்ப வைத்தால் மட்டும். எலிமென்ட் மாற்றியிருந்தாலோ, காமின் மேல் உருளும் ரோலர் டேப்பட் தேய்ந்திருந்தாலோ, வேறு பம்ப் வந்திருந்தாலோ, துளை மூடும் கணம் மாறியிருக்கும். கீறல் பழைய இடத்திலேயே நிற்கும். கோட்டை நம்பி ஏமாறுவது பெரும்பாலும் இங்கேதான்.

அந்தப் பழைய வழிக்கு வருவோம். முதல் சிலிண்டருக்குப் போகும் குழாயைப் பம்பில் கழற்றுகிறார்கள். அந்தக் குழாய் பூட்டியிருந்த வாயான டெலிவரி வால்வு ஹோல்டரைத் திறந்து, உள்ளிருக்கும் வால்வையும் ஸ்பிரிங்கையும் எடுத்துச் சுத்தமான டீசலில் போட்டுவிட்டு, ஹோல்டரை மட்டும் திரும்ப முறுக்குகிறார்கள். அதன் தலையில் வளைந்த ஒரு சிறு குழாய். கன்ட்ரோல் லீவரை முழு லோடு பக்கம் பிடித்துவைக்கிறார்கள். பம்புக்கு மேலே ஒரு கேனில் டீசலைத் தொங்கவிட்டால் அது தானே இறங்கி, எலிமென்ட் வழியாக, வளைந்த குழாயில் கொட்டும். துளை திறந்திருக்கிறது என்று அர்த்தம்.

கிராங்கை ஓடும் திசையிலேயே மெதுவாகத் திருப்பிக்கொண்டே வருகிறார்கள். கொட்டும் நீரோட்டம் மெலிகிறது. நூலாகிறது. அறுந்து சொட்டாகிறது. நொடிக்கு ஏறக்குறைய ஒரு சொட்டு என்று வந்ததும் நிறுத்தி, டாம்பரில் முள் எந்த எண்ணில் நிற்கிறது என்று பார்க்கிறார்கள். பிளஞ்சரின் விளிம்பு துளையை மூடிவிட்டது. டீசல் தானே சாட்சி சொல்லிவிட்டது. எண் 24 என்றால் சரி. 20 என்றால் நான்கு டிகிரி தாமதம். கிராங்கை 24-இல் நிறுத்திவிட்டு, பம்ப் உடலைத் திருப்பி அதே சொட்டு நிலையைக் கொண்டுவர வேண்டும். கொஞ்சம் தாண்டிப்போய்விட்டால் அப்படியே பின்னால் இழுத்து 24-இல் நிறுத்தக்கூடாது. செயினின் தொய்வு மறுபக்கம் போய்விடும், அளவு பொய்யாகும். நன்றாகப் பின்னுக்குப் போய், மறுபடி முன்னோக்கியே வர வேண்டும். நட்டை இறுக்கிய பிறகும் ஒருமுறை பார்க்க வேண்டும், இறுக்கும்போது உடல் நகர்வது சகஜம்.

மைக்ரோமீட்டர் கணக்கில் செய்த ஒரு பொருளைச் சோதிக்க ஒரு வளைந்த குழாயும் பொறுமையும் போதும் என்பது எனக்கு எப்போதும் வியப்பு.

ரோட்டரி பம்ப் இருக்கும் வேன்களில் முறை வேறு. ஃபோக்ஸ்வாகனின் 1.6 லிட்டர் டீசல் டிரான்ஸ்போர்ட்டரில் போஷ் விஇ பம்ப். அங்கே எல்லா சிலிண்டருக்கும் ஒரே பிளஞ்சர். அது சுழன்றுகொண்டே முன்னும் பின்னும் போகிறது. பம்பின் பின்தலையில் ஒரு சிறு பிளக்கைக் கழற்றி, அதில் நகர்வை அளக்கும் டயல் கேஜைச் செருகி, பிளஞ்சர் அசையாத நிலையில் முள்ளைச் சுழியத்துக்கு வைத்து, முதல் சிலிண்டரை உச்சிக்குக் கொண்டுவந்தால், அதற்குள் பிளஞ்சர் எவ்வளவு நகர்ந்திருக்கிறது என்று தெரியும். அந்த இன்ஜினுக்கு அது 0.9 மில்லிமீட்டரை ஒட்டி இருக்கும். குளிர் ஸ்டார்ட் கேபிள் இழுத்த நிலையில் இருந்தால் அளவு தப்பாகும். இந்த இன்ஜினில் டைமிங் பெல்ட்தான் வால்வுகளைத் திறக்கும் காம்ஷாஃப்டையும் பம்பையும் சேர்த்துச் சுற்றுகிறது. பம்ப் பிசகினால் புகையும் சத்தமும்தான். காம்ஷாஃப்ட் பிசகினால் வால்வில் பிஸ்டன் இடிக்கும். கைச்சுற்றாக இரண்டு முழுச் சுற்று சுற்றிப் பார்க்காமல் சாவியைத் திருப்புவது துணிச்சல் இல்லை, அசட்டுத்தனம்.

இதெல்லாம் நின்ற நிலையின் கணக்கு. ஓடும்போது வேகம் கூடக் கூடக் குழாய்த் தாமதம் அதிக டிகிரிகளை விழுங்குவதால் பம்பும் முந்திக்கொள்ள வேண்டும். ஓஎம்616-இல் பம்ப் பக்கச் சக்கரத்துக்குள் இருக்கும் எடைகள் விரிந்து அதைச் செய்கின்றன. விஇ பம்பில் உட்புற டீசல் அழுத்தம் ஒரு சிறு பிஸ்டனைத் தள்ளி, ரோலர் வளையத்தைத் திருப்புகிறது.

காதால் கேட்டே டைமிங் வைக்கும் மேஸ்திரிகள் உண்டு. பலர் பெரும்பாலும் சரியாகவே வைக்கிறார்கள். ஆனால் காதை ஏமாற்றும் விஷயங்கள் பல. நாசில் ஸ்பிரிங் தளர்ந்தால் குறைந்த அழுத்தத்திலேயே திறந்து, டைமிங் முந்திவிட்டதுபோல் தட்டும். டீசல் லைனில் காற்றுப் புகுந்தால் தாமதமானதுபோல் புகைக்கும். பம்ப் நட்டில் ஸ்பேனரை வைக்குமுன் நாசிலையும் ஃபில்டரையும் லைனையும் பார்த்துவிடுவதே முறை. ஒழுகும் குழாயைத் தேட ஓடும் இன்ஜினில் விரலால் தடவுவது மட்டும் வேண்டாம். அந்த அழுத்தத்தில் வரும் டீசல் தோலைத் துளைத்து உள்ளே போகும். பார்க்க ஊசி குத்தியது மாதிரிதான் இருக்கும், வலிகூடப் பெரிதாக இருக்காது. ஆனாலும் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டிய காயம் அது.

1997-இல் கார்களில் வந்த காமன் ரயில் (எல்லா நாசிலுக்கும் பொதுவான அழுத்தக் குழாய்), பிறகு வேன்களுக்கும் வந்தது. அதில் பம்பின் வேலை அழுத்தத்தைச் சேர்த்துவைப்பது. எப்போது பீய்ச்சுவது என்பதைக் கணினி சொல்கிறது. அதனால் பல இன்ஜின்களில் பம்பை எந்தக் கோணத்தில் பூட்டினாலும் ஓடும். கணினிக்குக் கிராங்கின் நிலையைச் சொல்ல ஒரு பல்சக்கரமும் சென்சாரும் இருக்கும். பரவலாக இருப்பது 60 பல்லுக்கான சக்கரம், அதில் இரண்டு பல்லை வேண்டுமென்றே இல்லாமல் விட்டிருப்பார்கள். அந்த இடைவெளி கடக்கும்போது கணினி எண்ணத் தொடங்குகிறது.