காட்டை எடுப்பவர் என்ன கட்ட வேண்டும்? நிகர தற்போதைய மதிப்பு விதி, எளிய விளக்கம்

சாலைக்கோ சுரங்கத்துக்கோ மின்பாதைக்கோ காட்டு நிலம் கேட்கிறவர், அந்தக் காட்டுக்காக ஒரு தொகை கட்டியாக வேண்டும். ஹெக்டேருக்கு இவ்வளவு என்று அதற்கு ஒரு பட்டியலே இருக்கிறது. அரசுக் கோப்புகளில் இதன் பெயர் என்.பி.வி., அதாவது நிகர தற்போதைய மதிப்பு. காட்டோரத்தில் வாழ்பவர்களும் ஊராட்சித் தலைவர்களும் கேட்டுப் பழகிய சொல்தான். ஆனால் அந்தத் தொகை எப்படி வந்தது, யாரிடம் போகிறது, எதையெல்லாம் கணக்கில் சேர்க்காமல் விடுகிறது என்று தெரிந்தவர்கள் குறைவு. ஒரு காட்டின் மதிப்பை ரூபாயில் சொல்லி, அதை வசூலிக்கவும் செய்கிற விதி என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகவே பார்க்கலாம்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். இந்தத் தொகையைக் கட்டியதும் நிலம் கட்டியவருக்குச் சொந்தமாகிவிடாது. சட்டத்தின் பார்வையில் அது காடாகவே இருக்கும். பயன்படுத்திக்கொள்ளும் அனுமதி மட்டுமே கிடைக்கும். ஈடாக வேறோர் இடத்தில் மரம் வளர்க்க ஆகும் செலவும் இதில் சேராது, அதைத் தனியாகக் கட்ட வேண்டும். அப்படியானால் இந்தப் பணம் எதற்கு? இன்று நட்ட கன்று, நூறு வருடக் காடு தந்த தண்ணீரையும் மண்காப்பையும் தர ஆரம்பிக்கப் பல பத்தாண்டுகள் ஆகும். இடைப்பட்ட காலத்தில் நாடு இழக்கிற பலன்களுக்கான இழப்பீடுதான் என்.பி.வி.

இந்த விதி தமிழ்நாட்டு மண்ணில் தொடங்கிய ஒரு வழக்கிலிருந்து பிறந்தது. கேரளத்தின் நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்தைச் சேர்ந்த டி.என். கோதவர்மன் திருமுல்பாடு, நீலகிரி மாவட்டம் கூடலூர்ப் பகுதியில் காட்டு மரங்கள் வெட்டப்படுவதை எதிர்த்து 1995இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். அந்த ஒரு மனு நாடு முழுவதுக்குமான காட்டு வழக்காக வளர்ந்தது. 1996 டிசம்பர் 12 அன்று, யாருக்குச் சொந்தமான நிலமாக இருந்தாலும் அகராதிப் பொருளில் காடு என்று சொல்லத்தக்கதெல்லாம் 1980ஆம் ஆண்டு வனப் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வரும் என்று நீதிமன்றம் சொன்னது. அதே வழக்கில் 2002 அக்டோபரில், காட்டு நிலத்தை எடுப்பவர்கள் ஹெக்டேருக்கு 5.80 லட்சம் ரூபாயிலிருந்து 9.20 லட்சம் ரூபாய் வரை கட்ட வேண்டும் என்று உத்தரவு வந்தது.

எந்தக் கணக்கில் இந்தத் தொகை என்ற கேள்வி உடனே எழுந்தது. 2005 செப்டம்பரில் நீதிமன்றம் கட்டணத்தை உறுதிசெய்துவிட்டு, அதை அறிவியல் முறையில் நிர்ணயிக்கப் பொருளாதார அறிஞர் காஞ்சன் சோப்ரா தலைமையில் ஒரு குழுவை அமைக்கச் சொன்னது. குழுவின் அறிக்கையை நீதிமன்றத்தின் மத்திய அதிகாரமளிக்கப்பட்ட குழு திருத்தியமைக்க, 2008 மார்ச் 28 அன்று இன்றைய பட்டியலின் மூல வடிவம் வந்தது.

பட்டியல் எப்படி இருக்கிறது?

இந்தியக் காடுகள் ஆறு வகுப்புகளாகப் பிரிக்கப்பட்டிருக்கின்றன. மழைக்காடு எனப்படும் பசுமைமாறாக் காடும் ஈர இலையுதிர் காடும் முதல் வகுப்பு. பிச்சாவரம் போன்ற அலையாத்திக் காடுகள் இரண்டாவது. வறண்ட இலையுதிர் காடு மூன்றாவது. முள்காடும் வறண்ட பசுமைமாறாக் காடும் நான்காவது. துணை வெப்பமண்டல மலைக்காடுகள் ஐந்தாவது. நம் சோலைக்காடுகளும் இமயமலைக் காடுகளும் ஆறாவது. ஒவ்வொரு வகுப்பிலும் மரக்கவிகையின், அதாவது மேலே விரியும் இலைக்கூரையின், அடர்த்தியைப் பார்த்து மூன்று நிலைகள்: 70 சதவீதத்துக்கு மேல் மிக அடர்ந்தது, 40 முதல் 70 வரை அடர்ந்தது, 10 முதல் 40 வரை திறந்த காடு.

2008இல் முதல் வகுப்பின் மிக அடர்ந்த காட்டுக்கு ஹெக்டேருக்கு 10.43 லட்சம் ரூபாய். நான்காம் வகுப்பின் திறந்த காட்டுக்கு 4.38 லட்சம். மூன்று ஆண்டுகள் கழித்து இதை மாற்றியமைக்கலாம் என்றுதான் அப்போது சொல்லப்பட்டது. மாற்றம் வந்தது 2022 ஜனவரியில், ஏறத்தாழ பதினான்கு ஆண்டுகள் கழித்து. பழைய தொகைகள் எல்லாவற்றையும் 1.53ஆல் பெருக்கினார்கள். முதல் வகுப்பின் மிக அடர்ந்த காடு 15,95,790 ரூபாய் ஆனது, அடர்ந்த காடு 14,36,670, திறந்த காடு 11,16,900. அதாவது விலைவாசி ஏற்றம்தான் சேர்க்கப்பட்டது. காடு என்ன தருகிறது என்பது புதிதாக அளக்கப்படவில்லை. இத்தனைக்கும் 2014லேயே போபாலில் உள்ள இந்திய வன மேலாண்மை நிறுவனம் புதிய கணக்கு ஒன்றைப் போட்டு, கட்டணம் கணிசமாக உயர வேண்டும் என்று அறிக்கை கொடுத்திருந்தது. அந்த அறிக்கை கையில் இருக்கும்போதே வெறும் பெருக்கலோடு நிறுத்திக்கொண்டது சரியில்லை என்பது என் கருத்து.

ஓர் எடுத்துக்காட்டு. மேற்குத் தொடர்ச்சி மலையில் முதல் வகுப்பு அடர்ந்த காட்டில் 10 ஹெக்டேர் ஒரு திட்டத்துக்குப் போகிறது என்று வைத்துக்கொள்வோம். கட்டணம் 1,43,66,700 ரூபாய். அதே நிலம் வனவிலங்கு சரணாலயத்துக்குள் இருந்தால் ஐந்து மடங்கு, சுமார் 7.18 கோடி. தேசியப் பூங்காவுக்குள் இருந்தால் பத்து மடங்கு, சுமார் 14.37 கோடி. அதற்காகப் பணம் கட்டினாலே அங்கே இடம் கிடைத்துவிடும் என்று நினைக்க வேண்டாம். இவற்றுக்குள் நிலம் எடுப்பதற்கான ஒப்புதல் வேறு, கட்டணம் வேறு.

மதிப்பை எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள்?

விஷயத்தின் நடு இதுதான். 2008 கணக்கில் மரம், சிறு வனப்பொருள்கள், தீவனம், சுற்றுலா, மருந்தாகவும் மரபணு வளமாகவும் நாளை பயன்படக்கூடிய உயிர்கள், மண்ணையும் நீரையும் காக்கும் சூழல் சேவைகள், புலி யானை போன்ற முதன்மை விலங்குகள், கரியமிலச் சேமிப்பு ஆகியவை தலைப்புகளாக இருக்கின்றன. மரத்துக்கும் தேனுக்கும் கடுக்காய்க்கும் சந்தையில் விலை உண்டு; பறிக்கும் செலவைக் கழித்தால் மீதி தெரிந்துவிடும். தண்ணீருக்கு அப்படி முடியாது. காடு இல்லாவிட்டால் அணையில் எவ்வளவு வண்டல் சேரும், அதை அள்ள என்ன செலவாகும் என்று சுற்றிவளைத்துத்தான் கணக்கிட வேண்டும். புலிக்கு அதுவும் கிடையாது. அதைக் காக்க நாடு எவ்வளவு செலவழிக்கிறது என்பதையே ஓர் அளவுகோலாக எடுத்துக்கொள்கிறார்கள். எளிதில் எண்ண முடிந்தவை பெரிதாகவும் முடியாதவை சிறிதாகவும் கணக்கில் விழுவது இதனால்தான்.

அப்புறம் ‘தற்போதைய’ என்ற சொல். காடு வருடா வருடம் பலன் தருகிறது. கட்டணமோ ஒரே தடவை. ஆகவே வருங்காலப் பலன்களை இன்றைய ரூபாய்க்குச் சுருக்க வேண்டும். ஆண்டுக்கு 5 சதவீதம் கழிவு என்று வைத்தால், 20 வருடம் கழித்து வரும் ஒரு லட்சம் ரூபாய்ப் பலனின் இன்றைய மதிப்பு சுமார் 37,700 ரூபாய். 50 வருடம் கழித்து வருவது வெறும் 8,700 ரூபாய். கழிவை 10 சதவீதம் ஆக்கினால், 20 வருடம் கழித்து வருவதே 14,900க்குச் சுருங்கிவிடும். வியாபாரத்தில் இந்தக் கணக்கு நியாயம்தான். கடை பத்து வருடத்தில் தேய்ந்துபோகும், இயந்திரம் துருப்பிடிக்கும். காடு தேயாது, விட்டுவைத்தால் பெருகும். பேரப்பிள்ளை குடிக்கப்போகும் தண்ணீரை இன்றைய விலையில் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவாகக் கணக்கிடும் முறையை நான் மனதார ஏற்க முடியவில்லை. காட்டின் மதிப்பைக் குறைத்துக்காட்ட வேண்டுமானால் எந்தப் பலனையும் மறைக்கத் தேவையில்லை, கழிவு விகிதத்தைச் சற்று ஏற்றினாலே போதும். யாராவது ஒரு மதிப்பீட்டைக் காட்டினால் முதலில் அந்த விகிதத்தைக் கேளுங்கள், எத்தனை ஆண்டுக்கான கணக்கு என்று அடுத்துக் கேளுங்கள்.

பட்டியல் விலை எவ்வளவு தாழ்வானது என்று உணர, நமக்குத் தெரிந்த பெரியாற்றையே எடுத்துக்கொள்ளலாம். இந்திய வன மேலாண்மை நிறுவனமும் தேசியப் புலிகள் பாதுகாப்பு ஆணையமும் 2015இல் ஆறு புலிகள் காப்பகங்களின் மதிப்பைக் கணக்கிட்டன. பெரியாறு காப்பகம் ஆண்டுக்குத் தரும் பலன்கள் சுமார் 1,760 கோடி ரூபாய் என்று வந்தது, ஹெக்டேருக்கு ஏறக்குறைய 1.9 லட்சம். அந்த மொத்தத்தில் சுமார் 405 கோடி, தமிழ்நாட்டு மாவட்டங்களுக்கு வந்து சேரும் தண்ணீருக்கு மட்டும். இந்த ஆய்வும் என்.பி.வி. பட்டியலும் வேறு வேறு முறையில் போட்டவை, சரணாலயம், தேசியப் பூங்கா என்றால் கட்டணம் ஐந்து, பத்து மடங்காகவும் ஆகும். அதனால் நேருக்கு நேர் ஒப்பிடக் கூடாதுதான். ஆனாலும் பட்டியலின் உச்ச விலையான 15.95 லட்சம், அந்தக் கணக்கின்படி எட்டு வருடப் பலனைச் சற்றே தாண்டுகிறது. எடுத்த காடு எட்டு வருடத்தில் திரும்பி வராது.

நான்காம் வகுப்பும் எனக்கு உறுத்தல்தான். கோடியக்கரையிலும் சோழமண்டலக் கரையோரக் கோயில் காடுகளிலும் மிச்சமிருக்கிற வறண்ட பசுமைமாறாக் காடு நாட்டில் மிக அரிதானது. பட்டியலில் அது முள்காட்டோடு சேர்ந்து எல்லாவற்றிலும் குறைந்த விலையில் இருக்கிறது. எவ்வளவு அரிது என்பதற்கு இந்தக் கணக்கில் தனி இடமே இல்லை.

பணம் எங்கே போகிறது?

காம்பா எனப்படும் ஈட்டுக் காடு வளர்ப்பு நிதிக்கு. 2016ஆம் ஆண்டின் ஈட்டுக் காடு வளர்ப்பு நிதிச் சட்டம் 2018 செப்டம்பர் 30இல் நடைமுறைக்கு வந்தது. வசூலாகும் தொகையில் 90 சதவீதம் அந்தந்த மாநிலத்தின் நிதிக்கும் 10 சதவீதம் தேசிய நிதிக்கும் போகும். அதற்கு முன் பணம் ஆண்டுக்கணக்கில் முடங்கிக் கிடந்தது. 2019 ஆகஸ்டில்தான் 47,000 கோடி ரூபாய்க்கு மேல் மாநிலங்களுக்கு மாற்றப்பட்டது. 2018 விதிகளின்படி மாநிலத்தின் என்.பி.வி. பணத்தில் குறைந்தது 80 சதவீதத்தைக் காட்டையும் காட்டுயிரையும் பேணச் செலவிட வேண்டும்: இயற்கையாக முளைப்பவற்றைக் காப்பது, தீத்தடுப்பு, மண் ஈரம் காப்பது போன்ற வேலைகள். மீதி 20 சதவீதம் வரை வனத்துறையின் கட்டமைப்புக்குப் போகலாம். இந்த வேலைகளைக் கிராம சபையையோ கிராம வனக் குழுவையோ கலந்து செய்ய வேண்டும் என்று விதி சொல்கிறது. காட்டை இழந்த ஊருக்கு நேரடியாக ஒரு பங்கு என்று எதுவும் இல்லை. தேனும் விறகும் மேய்ச்சலும் போனது அந்த ஊருக்கு. அந்த இழப்பையும் சேர்த்து வசூலித்த பணம் போவது வேறெங்கோ. இந்த விதியின் பெரிய குறை இதுதான் என்று நினைக்கிறேன்.

யாருக்கு விலக்கு?

கிராமப்புறங்களில் ஒரு ஹெக்டேர் வரை நிலம் தேவைப்படும் பள்ளி, மருத்துவமனை, வணிக நோக்கமில்லாத சிறுவர் விளையாட்டுத் திடல், சமுதாயக் கூடம் ஆகியவற்றுக்குக் கட்டணம் இல்லை. நான்கு அங்குல விட்டம் வரையிலான குடிநீர்க் குழாய், தேசியப் பூங்கா, சரணாலயங்களிலிருந்து ஊர்களை வெளியே குடியமர்த்துவது, மண்ணுக்கடியில் போடும் கண்ணாடியிழைக் கம்பி ஆகியவற்றுக்கும் விலக்கு உண்டு. சிலவற்றில் மரம் வெட்டக் கூடாது என்ற நிபந்தனை சேரும். நிலத்தடிச் சுரங்கத்துக்குப் பாதிக் கட்டணம். பழங்குடி ஊர்களுக்கு வேறொரு வழியும் இருக்கிறது: 2006 வன உரிமைச் சட்டத்தின் 3(2) பிரிவின்கீழ் பள்ளி, அங்கன்வாடி, சாலை, குடிநீர் உள்ளிட்ட 13 வசதிகளுக்கு, கிராம சபை பரிந்துரைத்தால், ஒரு ஹெக்டேருக்குக் குறைவான காட்டு நிலத்தைப் பெறலாம். ஹெக்டேருக்கு 75 மரங்களுக்கு மேல் வெட்டக் கூடாது.

உங்கள் பகுதியில் ஒரு திட்டம் காட்டு நிலம் கேட்டிருந்தால், மத்திய அரசின் பரிவேஷ் இணையதளத்தில் அந்த விண்ணப்பத்தைத் தேடிப் பார்க்கலாம். அதில் மாவட்ட வன அலுவலர் நிரப்பும் பகுதியில் இரண்டு விவரங்களைத் தேடுங்கள்: காட்டின் வகுப்பு, மரக்கவிகையின் அடர்த்தி. முதல் வகுப்புக் காட்டில் அடர்த்தி 0.4க்கு, அதாவது 40 சதவீதத்துக்கு, மேல் இருந்தால் ஒரு விலை, கீழே இறங்கினால் இன்னொரு விலை; வித்தியாசம் ஹெக்டேருக்கு 3,19,770 ரூபாய். அந்தக் காட்டுக்குள் நடந்து பழகியவர்களுக்குத் தாளில் இருப்பது சரியா என்று தெரியும். பொருந்தவில்லை என்றால், முதற்கட்ட அனுமதிக்கு முன்பே கிராம சபைத் தீர்மானமாக எழுதி, மாவட்ட வன அலுவலருக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் அனுப்பி, ஒப்புகைச் சீட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.