அங்கோர்: மண்மேடுகள் காட்டிய நீர்நகரம்

கம்போடியாவில் அங்கோர் வாட் கோயிலின் கோபுரங்கள் நிலைத்து நிற்கின்றன. அவற்றைச் சுற்றி வாழ்ந்தவர்களின் வீடுகளில் ஒன்றுகூட இன்று இல்லை. கெமர் மக்கள் கல்லைத் தெய்வங்களுக்கு ஒதுக்கிவிட்டு, அரண்மனையையும் குடிசையையும் மரத்தாலேயே கட்டினார்கள். மரம் மட்கிய பின் எஞ்சியவை வீடு நின்ற மண்மேடும் அதன் அருகே வெட்டிய குளமும்தான். அவற்றையும் காடு மூடிக்கொண்டது.

2012-இல் தொல்லியலாளர் டேமியன் எவன்ஸ் தலைமையிலான குழு, ஹெலிகாப்டரில் லைடார் கருவியைப் பொருத்திச் சுமார் 370 சதுர கிலோமீட்டர் நிலத்தை அளந்தது. கருவி செலுத்தும் லேசர் துடிப்புகளில் பெரும்பாலானவை இலைகளில் பட்டுத் திரும்பிவிட, இலை இடுக்குகளில் நுழையும் சில மட்டும் தரையைத் தொட்டு மீள்கின்றன. மீண்டு வர எடுக்கும் நேரமே தூரத்தைச் சொல்லிவிடுகிறது. மரங்களில் பட்ட புள்ளிகளைக் கணினியில் நீக்கினால், முழங்கால் உயர மேடுகூடத் தெளிவாகத் தெரியும். அவ்வாறுதான் அங்கோர் வாட்டின் மதிலுக்குள்ளேயே தெருக்களும் வீட்டு மேடுகளும் குளங்களும் கட்டம் கட்டமாக வெளிப்பட்டன.

இந்த வரைபடங்களில் என்னை மிகவும் கவர்வது நீரின் பாதை. குலேன் மலையிலிருந்து தெற்கே நிலம் மிக மெதுவாகச் சரிகிறது. அந்தச் சரிவில் ஆழமாகத் தோண்டாமல், நாற்புறமும் கரை எழுப்பியே நீரைத் தேக்கினார்கள். 11-ஆம் நூற்றாண்டின் மேற்கு பாராய் ஏரி ஏறத்தாழ 8 கிலோமீட்டர் நீளமும் 2 கிலோமீட்டருக்கு மேல் அகலமும் கொண்டது. நீர்மட்டம் கீழ்ப்புற வயல்களைவிட உயர்ந்திருந்தால், ஏற்றம் இறைக்காமலே பாசனம் செய்யலாம்.

1431-இல் இன்றைய தாய்லாந்தில் இருந்த அயுத்தயா அரசின் படை அங்கோரைக் கைப்பற்றியதே வீழ்ச்சிக்குக் காரணம் என்று நெடுங்காலம் எழுதப்பட்டு வந்தது. ஆனால் அங்கோரின் மதில் சூழ்ந்த மையநகரான அங்கோர் தோமின் அகழி வண்டலில் படிந்த மகரந்தமும் கரித்துகளும், நகரின் மையத்தில் நிலப் பயன்பாடு 14-ஆம் நூற்றாண்டிலேயே படிப்படியாகக் குறைந்ததைக் காட்டுகின்றன. வியட்நாம் மலைகளில் உள்ள பழமையான மரங்களின் வளையங்களோ, அந்த நூற்றாண்டின் நடுவிலும் அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்திலும் கடும் வறட்சியையும், இடையிடையே பெருமழையையும் பதிவு செய்திருக்கின்றன. வறட்சிக்குப் பழகிய கால்வாய் வலையமைப்பில் வெள்ளம் பாய்ந்தபோது, நேராக வெட்டிய கால்வாய்கள் அரிக்கப்பட்டு ஆழமாயின. கால்வாயின் மட்டம் இறங்கிவிட்டால், அதிலிருந்து ஏரிக்குப் பிரியும் வாய்க்காலில் நீர் ஏறாது.

இதை ஸ்பியன் த்மா என்ற கற்பாலத்தில் நேரிலேயே காணலாம். இடிந்த கோயில்களின் செதுக்குக் கற்களை எடுத்துக் கட்டிய பாலம் அது. இன்று சியம் ரீப் ஆறு அதன் கண்களை விட்டு விலகி, பக்கத்திலேயே பல மீட்டர் பள்ளத்தில் ஓடுகிறது.