போல் ஜோயின், பந்து இணைப்பு, குமிழ் மூட்டு

“முன் இடைநீக்கத்தின் பந்து இணைப்பில் அதிகப்படியான விளையாட்டு உள்ளதா எனச் சரிபார்க்கவும். காலணி கிழிந்திருந்தால் மாற்றவும்.”

கார் பழுது பற்றிக் கைப்பேசியில் தமிழில் தேடினால் வந்து விழுவது இந்த மாதிரித் தமிழ்தான். மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் எந்தப் போமேனிடமாவது, அதாவது கார் பட்டறைக்காரரிடமாவது, இதைப் படித்துக் காட்டுங்கள். பந்து, விளையாட்டு, காலணி மூன்றும் இருப்பதால் பள்ளித் திடலைப் பற்றிய பேச்சு என்று நினைப்பார். இடைநீக்கமும் சேர்ந்து வருவதால், பாவம் விளையாட்டு ஆசிரியருக்கு வேலை போய்விட்டது போல என்று முடிவு கட்டுவார். அதே சங்கதியை அவர் தம் கையாளுக்குச் சொல்வது இப்படி: “தம்பி, போல் ஜோயின் ஆடுதா பாரு. ரப்பர் கிழிஞ்சிருந்தா மாத்திடலாம்.”

இடைநீக்கம் (சஸ்பென்ஷன்), விளையாட்டு (பிளே), காலணி (ரப்பர் உறையைக் குறிக்கும் பூட்) ஆகிய மூன்றும் மொழிபெயர்ப்பு இயந்திரம் செய்த கோளாறு. அதற்குக் கார் தெரியாது, மன்னித்துவிடலாம். சக்கரத்தைக் காரின் அடிப்பக்கத்தோடு சேர்க்கும் போல் ஜோயினுக்கு வைத்த ‘பந்து இணைப்பு’ அப்படியில்லை. அதை மனிதர்களே விரும்பி எழுதுகிறார்கள், கட்டுரைகளில் போடுகிறார்கள், தொழிற்பயிற்சி மாணவர்களுக்குச் சொல்லிக் கொடுக்கிறார்கள். அதனால் அதைச் சும்மா விட முடியாது.

வேர்க்கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ‘போல்’ என்ற ஆங்கிலச் சொல் பழைய நோர்ஸ் வழி வந்தது, உருண்டை என்று பொருள். ‘ஜோயின்ட்’ பிரெஞ்சு வழியாக இலத்தீனிலிருந்து வந்தது. அதன் மூலவேரும் ‘யோகம்’ பிறந்த வடமொழி வேரும் ஒன்றே. நம் ஊர் வாயில் கடைசி ஒலி உதிர்ந்து ‘போல் ஜோயின்’ ஆனது. மலாயில் செண்டி பெபோலா என்கிறார்கள். பள்ளி உயிரியலில் இடுப்பு மூட்டுக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் இன்னும் அழகு: செண்டி லெசுங். லெசுங் என்றால் உரல். அடுப்படியில் கிடந்த உரலைப் பார்த்து எலும்புக்குப் பெயர் வைத்திருக்கிறார்கள். நம்மவர்களுக்கு அப்படிக் குனிந்து பார்க்கப் பொறுமை இல்லை.

பொருளை ஒருமுறை கையில் எடுத்துப் பார்த்தாலே பாதி வழக்கு தீர்ந்துவிடும். கட்டைவிரல் தடிமனில் ஓர் இரும்புத் தண்டு. அதன் ஒரு முனை உருண்டு திரண்ட கொண்டை. அந்தக் கொண்டை ஒரு இரும்புக் கிண்ணத்துக்குள் உட்கார்ந்திருக்கிறது. இரண்டுக்கும் நடுவே நைலான் போன்ற வழுவழுப்பான உள்ளுறை, அதில் கிரீஸ். கிண்ணத்தின் விளிம்பை உள்பக்கமாக மடக்கியிருப்பதால் கொண்டை சுழலும், நாலா பக்கமும் சாயும், ஆனால் வெளியே வராது. ஆட்டுக்கல்லில் குழவி சுற்றுவதை நினைத்துக்கொள்ளுங்கள். குழவியைத் தூக்கினால் வந்துவிடும், இது வராது, வரவும் கூடாது. தண்டின் மறுமுனை கூம்பாக இழைக்கப்பட்டு, சக்கரத்தைத் தாங்கும் நக்கலின் துளையில் இறுகியிருக்கும். (பட்டறையில் எல்லாரும் ‘நக்கல்’ என்றுதான் சொல்கிறார்கள். கேலி ஒன்றும் இல்லை.) கிண்ணம் லோவர் ஆமில், அதாவது சக்கரத்தைக் காரின் உடம்போடு பிடித்திருக்கும் கீழ்க்கையில், இருக்கும். சில கார்களில் தலைகீழாகவும் அமையும்.

இங்கே பந்து எங்கே இருக்கிறது? பந்து என்றால் தனியாக உருள வேண்டும், எறிந்தால் போக வேண்டும். தண்டோடு ஒட்டிப் பிறந்த உருண்டை முனைக்குத் தமிழில் பழைய பெயரே உண்டு: குமிழ். மரத்தால் செய்த பாதக்குறட்டில் கால் பெருவிரலுக்கும் அடுத்த விரலுக்கும் இடையே பிடித்துக்கொள்ளக் காம்பும் கொண்டையுமாக நிற்கிறதே, அதன் பெயர் குமிழ். போல் ஜோயினின் தண்டை நிமிர்த்தி வைத்தால் அச்சு அசல் அதே உருவம். காரின் பேரிங்குக்குள் உருள்பவற்றைக் குண்டு என்று சொல்லுங்கள், சண்டைக்கு வரமாட்டேன். அவை தனித்தனியாக உருள்கின்றன. இது உருள்வதில்லை, நின்ற இடத்தில் திரும்புகிறது.

‘இணைப்பு’ இன்னும் மோசம். மின் இணைப்பு, தண்ணீர் இணைப்பு, கடிதத்தோடு வரும் இணைப்பு என்று எதை எடுத்தாலும் அது ஒட்டியிருப்பதைச் சொல்கிறதே தவிர, அசைவதைச் சொல்வதில்லை. போல் ஜோயினின் பிழைப்பே அசைவுதான். சக்கரம் மேலும் கீழும் போக வேண்டும், இடம் வலம் திரும்பவும் வேண்டும், இரண்டும் ஒரே நேரத்தில். அசைவுள்ள சேர்மானத்துக்கு மூட்டு என்ற சொல் முழங்கால் முதல் தோள் வரை நம் உடம்பிலேயே இருக்கிறது. கைலி மூட்டுகிறோமே, அதில் அசைவு இல்லையே என்று ஒருவர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அது தையற்காரர் செய்யும் வினை. ‘மூட்டு’ என்று பெயராகச் சொல்லிப் பாருங்கள், யாருக்கும் கைலி நினைவுக்கு வராது, வலிதான் நினைவுக்கு வரும்.

குழப்பம் அதோடு நிற்பதில்லை. பல கார்களின் முன்பக்கத்தில் ஸ்டெபிலைசர் லிங்க் என்ற மெல்லிய கம்பி ஒன்று உண்டு. அதற்கு ‘இணைப்பு’ என்ற பெயர் உண்மையிலேயே பொருந்தும். அதுவும் இணைப்பு, இதுவும் இணைப்பு என்றால் உதிரிபாகக் கடையில் என்ன கேட்பது? லிங்க் தேய்ந்தால் சத்தம் வரும், காது வலிக்கும், அவ்வளவுதான். கீழ்ப் போல் ஜோயின் முற்றும் தேய்ந்தால் குமிழ் கிண்ணத்தை விட்டுப் பிடுங்கிக்கொண்டு வரும். சக்கரம் மடிந்து, கார் மூக்கைத் தரையில் இடிக்கும். இரண்டையும் ஒரே பெயரில் எழுதுவதை மொழிநடைக் குற்றம் என்று மட்டும் தள்ளிவிட முடியாது.

தமிழ்நாட்டுப் பாடநூல்களின் ‘பந்துக்கிண்ண மூட்டு’ இதைவிட எவ்வளவோ மேல். மூட்டு சரி, கிண்ணம் சரி. இடுப்பெலும்புக்கு அது இருக்கட்டும். காருக்கு அடியில் மல்லாந்து படுத்துக்கொண்டு கூப்பிட அது நீளம். தூய்மைக்காரர் சிலர் ‘குமிழ்க்கீல்’ என்கிறார்கள். கீல்வாதத்தில் வரும் கீல்தான் அது, தேய்ந்த மூட்டுக்கு அருமையான உவமையும்கூட. ஆனால் கீல் என்றதும் மனம் கதவுக்குப் போகிறது. கதவுக்கீல் ஒரு போக்கில்தான் திறக்கும், இதுவோ எல்லாப் பக்கமும் சாயும். அந்தச் சொல்லும் வடமொழியின் ‘கீல’ என்பதிலிருந்து வந்ததாகவே அகராதி காட்டுகிறது. தூய்மை பேசுகிறவர்கள் முதலில் அந்தக் கணக்கைத் தீர்க்கட்டும்.

ஆக, குமிழ் மூட்டு. எங்கே இருக்கிறது என்று சொல்ல வேண்டுமானால் கீழ்க்கைக் குமிழ் மூட்டு. ஸ்டீரிங்கிலிருந்து வந்து சக்கரத்தைத் திருப்பும் கம்பியின் முனையான டைராட் எண்டும் அதே இனம்தான், அது திருப்புகம்பிக் குமிழ் மூட்டு. பேச்சில் போல் ஜோயின் என்றே சொல்லுங்கள், தமிழ் ஒன்றும் குறைந்துவிடாது. எழுதும்போது மட்டும், படிப்பவர் கையில் எதைப் பிடிக்க வேண்டுமோ அதைச் சொல்லுங்கள்.

‘விளையாட்டு’க்கு வருவோம். இதற்குச் சொல் தேடவே வேண்டியதில்லை. பல் ஆடுகிறது, நாற்காலி ஆடுகிறது, போல் ஜோயினும் ஆடுகிறது. ஆட்டம் என்பது இந்த வேலைக்கென்றே பிறந்த சொல். ஆட்டத்தைக் கண்டுபிடிக்கும் முறையையும் இந்தச் சொற்களிலேயே எழுதிக் காட்டுகிறேன், ஒரு வாக்கியமாவது நொண்டுகிறதா பாருங்கள்.

மலேசியக் கார்களில் 1985-இல் வந்த சாகா, 1993-இன் வீரா, 1994-இன் கஞ்சில் எல்லாம் தோட்டப்புறங்களில் இன்னும் ஓடுகின்றன. செம்பனைக்குள் போகும் செம்மண் சாலையில் லாரி தோண்டிய குழிகள், மழைக்காலத்தில் அந்தக் குழி நிறையச் சேறு. ரப்பர் உறையில் சின்ன வெடிப்பு விட்டால் போதும், சேறும் தூசியும் உள்ளே போய்க் கிரீஸோடு கலந்து உப்புத்தாள் போல அறுக்க ஆரம்பிக்கும். முதலில் தேய்வது உள்ளுறை, பிறகுதான் குமிழ். ‘பந்து தேய்ந்துவிட்டது’ என்று எழுதுகிறவர்கள் இதையும் கவனிக்கலாம்.

மெதுவாகப் போகும்போது குழியிலோ வேகத்தடையிலோ ‘டக்’கென்று ஒற்றைச் சத்தம், ஸ்டீரிங்கைத் திருப்பும்போது கிரீச்சிடுவது, நேர்ச்சாலையில் கார் அலைவது, டயரின் ஒரு ஓரம் மட்டும் தேய்வது எல்லாம் அடையாளங்கள். முழுக்கத் திருப்பிக்கொண்டு எண்ணெய் மிதித்து வேகம் கூட்டும்போது ‘டக் டக் டக்’ என்று தொடர்ந்து வந்தால் அது சக்கரத்தைச் சுழற்றும் அச்சில் உள்ள சி.வி. ஜோயின், போல் ஜோயின் அல்ல.

இந்த மூன்று கார்களிலும் சுருள்வில் முன்பக்க அப்சோபரை (அதிர்வு தாங்கியை) சுற்றியே நிற்கிறது, அதனால் காரின் பாரம் கீழ்ப் போல் ஜோயின் மேல் ஏறுவதில்லை. உடம்பை ஜேக்கால் தூக்கி, ஸ்டாண்டில் உட்கார வைத்து, சக்கரத்தைத் தொங்கவிடுங்கள். டயரின் மேலும் கீழும் பிடித்து உள்ளும் வெளியுமாக ஆட்டுங்கள். இன்னொருவர் விளக்கடித்து மூட்டைப் பார்க்கட்டும். ஆட்டம் தெரிந்தால் பிரேக்கை மிதிக்கச் சொல்லி மறுபடி ஆட்டுங்கள். மிதித்ததும் ஆட்டம் நின்றால் கோளாறு பேரிங்கில். நிற்காவிட்டால் இரண்டடி நெம்புகோலை லோவர் ஆமுக்கும் நக்கலுக்கும் நடுவே கொடுத்து நெம்புங்கள். தண்டு கிண்ணத்துக்குள் ஏறி இறங்குவது கண்ணுக்குத் தெரிந்தால் மாற்ற வேண்டியதுதான். இடமும் வலமும் பிடித்து ஆட்டும்போது மட்டும் ஆடினால் டைராட் பக்கம் பாருங்கள். வில் கீழ்க்கையின் மேல் உட்கார்ந்திருக்கும் பழைய பிக்கப் என்றால் முறை வேறு: சக்கரத்துக்குப் பக்கத்தில் கீழ்க்கைக்கு அடியிலேயே ஜேக் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் வில்லின் அழுத்தம் ஆட்டத்தை மறைத்துவிடும்.

கழற்றும்போது நட்டைப் பூட்டியிருக்கும் ஊசியை எடுத்து நட்டைத் தளர்த்துங்கள், முழுக்கக் கழற்ற வேண்டாம். இரண்டு மூன்று சுற்று மிச்சம் இருந்தால்தான் கூம்பு விடும்போது கீழ்க்கை சடாரென்று தெறிக்காது. கூம்பை விடுவிக்கப் புல்லர் என்ற கழற்றும் கருவி நல்லது. இரு பல் கவைக்கோலை இடையில் அடித்து ஏற்றினால் ரப்பர் உறை கிழியும், பழைய மூட்டைத் தூக்கிப் போடப் போகிறோம் என்றால் மட்டும் அது சரி. புல்லர் இல்லையென்றால் நக்கலின் துளைக்காதை இரு பக்கமும் இரண்டு சுத்தியலால் ஒரே நேரத்தில் அடிக்கலாம். தண்டின் தலையில் அடித்தால் மரை சப்பிவிடும். விட்ட பிறகு நக்கலை வெளியே இழுத்துவிடாதீர்கள், சி.வி. ஜோயின் உள்முனை கழன்று வந்தால் வேலை இரட்டிப்பு.

மூன்று போல்ட்டில் நிற்கும் வகை சுலபம். அழுத்திப் பொருத்தும் வகையில் பூட்டு வளையத்தைக் கழற்றி, அளவான தாங்கு கிண்ணம் வைத்துப் பிரஸ்ஸில் தள்ள வேண்டும். புதியதை ஏற்றும்போது அழுத்தம் வெளி விளிம்பில்தான் விழ வேண்டும். சுத்தியலால் அடித்து ஏற்றினால் உள்ளுறை அன்றைக்கே நசுங்கும், ஆறு மாதத்தில் அதே ‘டக்’ சத்தத்தோடு வண்டி திரும்பி வரும். சில கார்களில் கீழ்க்கையோடு சேர்த்தே விற்கிறார்கள், அப்போது அதன் மறுமுனையில் உள்ள ரப்பர் புஷ்ஷும் புதிதாகிவிடும்.

கூம்பையும் துளையையும் துடைத்து உலர்வாகப் பொருத்துங்கள், கிரீஸ் தடவக் கூடாது, பிடிமானமே அந்த உரசல்தான். துளை நீள்வட்டமாகியிருந்தால் நக்கலும் போயிற்று. கோட்டை நட்டைக் கையேட்டில் சொன்ன அளவுக்கு முறுக்குங்கள். (இதை மட்டும் ‘கோட்டை’ என்று மொழிபெயர்த்தவரைப் பாராட்டலாம், பார்த்தால் கொத்தளம் போலவே இருக்கும்.) ஊசித் துளை நேர்படாவிட்டால் இன்னும் கொஞ்சம் முறுக்க வேண்டுமே தவிர, பின்னால் தளர்த்தக் கூடாது. ஊசி புதிதாக இருக்கட்டும். கீழ்க்கையின் புஷ் போல்ட்டுகளைத் தளர்த்தியிருந்தால், சக்கரம் தரையைத் தொட்டுக் கார் தன் பாரத்தில் நின்ற பிறகே கடைசி முறுக்கு. தொங்கும்போதே முறுக்கினால் ரப்பர் முறுகியபடியே கிடந்து சீக்கிரம் பிய்ந்துவிடும்.

எல்லாம் முடிந்ததும் அலைன்மெண்ட் பார்க்க வேண்டும், இல்லாவிட்டால் புது டயரும் ஒரு ஓரமாகத் தேயும். இதை ‘சக்கர சீரமைப்பு’ என்று எழுதுகிறார்கள். சீரமைப்பு என்றால் உடைந்ததைச் சரிசெய்வது, இங்கே சக்கரம் உடையவில்லை, அதன் கோணம்தான் பார்க்கப்படுகிறது. ‘சக்கர நேர்’ என்று சொல்லிப் பார்க்கலாம், கடைப்பலகைக்கும் அடக்கம். அது பிடிக்காதவர்கள் அலைன்மெண்ட் என்றே எழுதட்டும், சீரமைப்பு மட்டும் வேண்டாம்.