நியூஸ் ரீல்: செய்திப்படமா, செய்திச் சுருளா?

பாளையங்கோட்டைத் தையல்கடையில் ரீல் என்றால் நூல். டூரிங் கொட்டகையில் ஆபரேட்டராக இருந்தவருக்கு ரீல் என்றால் படப்பெட்டிக்குள் இருப்பது. எழுபது தாண்டியவர்களைக் கேட்டால், “மெயின் படத்துக்கு முன்னாடி நியூசு ரீல் ஓட்டுவாங்கல்லா” என்பார்கள்.

எல்லாம் ஒரே சொல்தான். பழைய ஆங்கிலத்தில் அது நூல் சுற்றும் உருளை. விக்கிரமசிங்கபுரம் ஹார்வி நூல் மில் குடும்பங்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். உருளையில் பிலிமைச் சுற்றியதும் பெயர் பிலிமுக்கே ஒட்டிக்கொண்டது. அதில் செய்தி வந்ததும் நியூஸ் ரீல்.

செய்தியைத் தவறாமல் படமாக்கி விற்கும் தொழிலைப் பிரான்சின் பாத்தே நிறுவனம் நடத்திக் காட்டியது. 1910-ல் லண்டனிலும் கடை விரித்தது. பேச்சு கிடையாது. ஓர் எழுத்து அட்டை, பிறகு காட்சி. மன்னர் ஊர்வலம், குதிரைப் பந்தயம், கப்பல் வெள்ளோட்டம் என்று ஓடிக்கொண்டிருந்ததில் 1914-ல் முதல் உலகப் போர் புகுந்தது. பிரான்சின் மார்செய் துறைமுகத்தில் இறங்கி நடந்த இந்தியச் சிப்பாய்களும் பிலிமில் பதிவாகியிருக்கிறார்கள்.

பழைய படங்களில் ஏன் எல்லாரும் ஓட்டமும் நடையுமாகவே தெரிகிறார்கள்? 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 படம் (பிரேம்). அன்று கையால் சுழற்றி, நொடிக்கு ஏறத்தாழ 16 படம் எடுத்தார்கள். 1,000 அடிச் சுருள் கால் மணிக்குச் சற்று மேல் ஓடும். பேசும்பட எந்திரமோ நொடிக்கு 24 படம் தள்ளும். அதில் போட்டால் நெல்லையப்பர் தேரே பஸ் வேகத்தில் போகும்.

‘ரீல் விடாதல’ என்பது நம்மூர்ப் பேச்சு. போர்ப்படத்திலும் விட்டவர்கள் உண்டு. 1899-ல் தென்னாப்பிரிக்காவில் தொடங்கிய போயர் போரின் ‘சண்டைகள்’ சில, இங்கிலாந்து வயல்வெளியில் ஆள் வைத்து எடுத்தவை. முதல் உலகப் போரில் பிரான்சின் சோம் போர்க்களம் பற்றி 1916-ல் வந்த நீளப் படத்திலும், பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் ஏறிப் பாயும் புகழ்பெற்ற காட்சி பயிற்சிக் களத்தில் நடித்ததுதான்.

நியூஸ் ரீலுக்குத் தமிழில் செய்திப்படம் என்பதே பழகிய சொல், அதுவே போதும். பேசாத காலத்தைப் பிரித்துச் சொல்ல மௌனச் செய்திப்படம். ஆவணப்படம் என்று எழுதுவது தவறு. செய்திப்படம் அந்த வாரத்துச் சரக்கு. ஆவணப்படம் ஒரு பொருளை எடுத்துக்கொண்டு நிதானமாகக் கட்டுவது. காந்தி வரும் பழைய படத்துண்டுகளை பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியார் நாடு நாடாக அலைந்து திரட்டினாரே, அவற்றில் செய்திப்படங்கள் உண்டு; அவற்றைக் கோத்து அவர் 1940-ல் வெளியிட்டது ஆவணப்படம்.

பிலிமையே குறிக்கும் இடத்தில் செய்திச் சுருள் எனலாம். நெல்லைக் கல்யாண வீட்டில் மட்டும் பார்த்துச் சொல்லுங்கள்; அங்கே சுருள் என்றால் வெற்றிலையோடு வைத்துக் கொடுக்கும் பணம்.