பில்டர்: வடிகட்டி இல்லை, சாயம்

போனில் எடுத்த படத்தை மெருகேற்றிவிட்டு ‘வடிகட்டி போட்டேன்’ என்று எழுதுகிறார்கள். எதை வடித்தார்களாம்?

இடைக்கால லத்தீனில் ‘ஃபில்ட்ரும்’ என்றால் அழுத்திய கம்பளித் துணி. நீரை ஊற்றி வடிக்க உதவியது. பில்டர் அங்கிருந்து வந்தது. நமக்கும் வடித்தல், சலித்தல், அரித்தல் என்று சொற்கள் உண்டு. சீனாபுரத்துக்காரர் என்று கொங்கில் உரிமை கொண்டாடப்படும் பவணந்தி முனிவர், நன்னூலில் கடைமாணாக்கருக்கு உவமை சொன்ன நெய்யரியும் பில்டர்தான்: நெய்யை விட்டுக் கசடைப் பிடித்துக்கொள்ளும் பன்னாடை. ஏதோ ஒன்றைத் தடுத்தால்தான் அது வடிகட்டி.

லென்ஸின் முன்னால் திருகும் கண்ணாடிக்கு இந்தப் பெயர் கச்சிதம். சிவப்புக் கண்ணாடி நீல ஒளியைத் தடுக்கும். கருப்பு வெள்ளைப் படத்தில் வானம் கருத்து மேகம் எடுப்பாக நிற்கும். பளபளப்பைக் குறைக்கும் போலரைசர் கண்ணாடி ஒன்றரை, இரண்டு ஸ்டாப் ஒளியைத் தின்றுவிடும் (ஒரு ஸ்டாப் என்றால் ஒளி பாதியாவது). தடுத்த ஒளி திரும்பாது. அதனால் கிளிக் செய்யும் முன்பே முடிவெடுக்க வேண்டும்.

செயலி அப்படியா செய்கிறது? எடுத்து முடித்த படத்தில் ஒவ்வொரு புள்ளியின் சிவப்பு, பச்சை, நீல எண்களையும் (0 முதல் 255 வரை) ஓர் அட்டவணைப்படி வேறு எண்களாக்குகிறது. திருப்பூர்க்காரரிடம் காட்டினால் சாயம் ஏத்தறது என்பார். சாயப்பட்டறையில் துணி தொட்டிக்குள் இறங்குவதை யாரும் வடிகட்டுவது என்பதில்லை.

ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல்தானே என்பார்கள். அவர்கள் சொல் வழுக்கினால் நாமும் கூடவே விழ வேண்டுமா? இன்னொரு சிக்கலும் உண்டு. போன் கேமராவில் ஒளியைப் படமாக்கும் சென்சாரின் மேலேயே நிஜமான நிற வடிகட்டி ஒட்டியிருக்கிறது: 1976இல் கோடாக் நிறுவனத்தின் பிரைஸ் பேயருக்குக் காப்புரிமை கிடைத்த அமைப்பு, நான்கு கட்டத்துக்கு இரண்டு பச்சை, ஒரு சிவப்பு, ஒரு நீலம். பெயரைச் சாயத்துக்குக் கொடுத்துவிட்டால் இதை என்னவென்று அழைப்பது? மொழிபெயர்ப்பாளர்கள் அகராதியைத் திறக்கும் நேரத்தில் கேமராவைத் திறந்து பார்க்கலாம்.

முகத்தைக் கண்டுபிடித்துத் தோலை வழவழப்பாக்குவதற்குச் சாயம் என்ற சொல்லும் ஆகாது, அது ஒப்பனை. ஸ்டுடியோக்காரர்கள் ‘டச்சிங்’ என்பார்கள். நெகட்டிவ் மேல் பென்சிலைக் கூராகச் சீவி, கண்ணுக்குக் கீழ் வரும் நிழலை நிரவும் தனித்திறன் அது. இன்று படம் எடுக்கிற எல்லாரும் டச்சிங்காரர்கள். கல்யாணப் போட்டோகிராபரிடமும் ‘அதே பில்டர் போட்டுக் குடுங்ணா’ என்கிறார்கள். வடிகட்டி என்றதும் வேண்டாதபோது கழற்றிவிடலாம் என்ற நினைப்பு வந்துவிடுகிறது. மஞ்சள் தூக்கலான சாயத்தோடு ஜேபெக் கோப்பாகச் சேமித்தால், மஞ்சள் கயிற்றின் சிவப்பு எண் 255இல் முட்டி நிற்கும். முறுக்கு தெரியாது, மீட்கவும் முடியாது. மூலப் படத்தைத் தனியே வைத்திருந்தால்தான் வழி.

‘நோ பில்டர்’ என்று பெருமையாகப் போடுவதையும் ‘வடிகட்டாத படம்’ என்கிறார்கள். கசடோடு கிடக்கிற படம் என்றல்லவா காதில் விழுகிறது? ‘சாயம் போடாத படம்’ என்று சொல்லிப் பாருங்கள்.