நேச்சுரல் லாங்குவேஜ் பிராசசிங்: தமிழில் எப்படிச் சொல்வது?

மனிதர்கள் அன்றாடம் பேசுகிற, எழுதுகிற மொழியைக் கணினி கையாள வழி தேடும் துறைக்கு ஆங்கிலத்தில் நேச்சுரல் லாங்குவேஜ் பிராசசிங் என்று பெயர். சுருக்கமாக என்எல்பி. எந்திர மொழிபெயர்ப்பு, பிழைதிருத்தி, பாதி தட்டும்போதே மீதியை ஊகிக்கும் தேடுபொறி, கேட்டதற்குப் பதில் எழுதும் உரையாடி எல்லாம் இந்தத் துறையில் விளைந்தவை. தமிழில் இதற்கு இயற்கை மொழிச் செயலாக்கம், இயற்கை மொழி முறையாக்கம், இயல்மொழி ஆய்வு என்று பல பெயர்கள் புழங்குகின்றன. எதை எடுத்துக்கொள்வது?

முதலில் மூலச் சொற்களைப் பார்த்துவிடலாம். நேச்சுரல் என்பதன் வேர், பிறத்தல் என்று பொருள்படும் லத்தீன் வினைச்சொல். லாங்குவேஜ் என்பதன் வேர் லிங்குவா, அதாவது நாக்கு. ஆக நேச்சுரல் லாங்குவேஜ் என்றால் யாரும் உட்கார்ந்து வடிவமைக்காமல் மனிதர் வாயில் தானாகப் பிறந்து வளர்ந்த மொழி. இதற்கு எதிர்ப்பக்கம் நிற்பவை செய்யப்பட்ட மொழிகள்: தருக்கவியலின் குறியீடுகள், 1957இல் வெளிவந்த ஃபோர்ட்ரான் போன்ற நிரல்மொழிகள், 1887இல் சாமென்ஹாஃப் வெளியிட்ட எஸ்பெராண்டோ என்னும் பொதுமொழி. நிரல்மொழியில் ஒரு வரிக்கு ஒரே பொருள்தான் இருக்க முடியும், இருந்தாக வேண்டும். நாம் பேசும் மொழிக்கு அப்படி ஒரு கட்டாயமே கிடையாது. இந்தத் துறையின் பாடு முழுக்க அங்கேதான் தொடங்குகிறது.

பிராசசிங் என்ற சொல்லுக்கு இவ்வளவு ஆழம் இல்லை. முன்னே செல்லுதல் என்ற லத்தீன் வேரிலிருந்து வந்து, படிப்படியாகச் செய்யும் வேலையைக் குறிக்கலாயிற்று. 1950களில் கணினி செய்யும் வேலைக்கெல்லாம் டேட்டா பிராசசிங் என்று பெயர். எண்களுக்குப் பதிலாக மொழியை உள்ளே கொடுத்தபோது அந்தச் சொல்லும் கூடவே வந்து ஒட்டிக்கொண்டது.

துறைக்கு கம்ப்யூடேஷனல் லிங்குவிஸ்டிக்ஸ் என்று வேறொரு பெயரும் உண்டு. அது வந்த கதை இது. 1949இல் அமெரிக்கக் கணிதவியலாளர் வாரன் வீவர் எழுதிய ஒரு குறிப்பு, சங்கேதத்தை உடைப்பதுபோல மொழிபெயர்ப்பையும் எந்திரத்திடம் விடலாம் என்றது. 1954 ஜனவரி 7 அன்று ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகமும் ஐபிஎம்மும் சேர்ந்து அறுபதுக்கும் மேற்பட்ட ரஷ்ய வாக்கியங்களை எந்திரத்தால் ஆங்கிலமாக்கிக் காட்டின. கையிருப்பு 250 சொற்களும் ஆறு இலக்கண விதிகளும் மட்டுமே. நம்பிக்கை எக்கச்சக்கமாக ஏறியது. 1966இல் அமெரிக்க அரசுக்காக அமைந்த ஆல்பாக் குழுவின் அறிக்கை, எந்திர மொழிபெயர்ப்பு மனிதரைவிட மெதுவானது, பிழை மிகுந்தது, செலவும் கூடியது என்று சொல்லிவிட, பணம் வற்றியது. 1962இல் எந்திர மொழிபெயர்ப்பு என்ற பெயரையும் சேர்த்துத் தொடங்கிய ஆய்வாளர் சங்கம், 1968இல் அதை விட்டுவிட்டு கம்ப்யூடேஷனல் லிங்குவிஸ்டிக்ஸ் என்பதை மட்டும் வைத்துக்கொண்டது. அதற்குத் தமிழில் கணினி மொழியியல் என்பது நன்றாகவே பொருந்துகிறது. மொழியைப் பற்றி அறிவது அதன் முதல் நோக்கம். மொழியைக் கொண்டு ஒரு வேலையை முடிப்பது என்எல்பியின் நோக்கம். நடைமுறையில் இரண்டும் நிறையவே கலந்துவிட்டன.

சரி, தமிழுக்கு வருவோம். இயற்கை மொழி என்றதும் காடும் காற்றும் பறவையின் குரலும்தான் மனத்தில் வருகின்றன. அகராதிப்படி குற்றமில்லை, காதுக்குத்தான் வழி தப்புகிறது. இயல் என்ற சொல்லுக்கு அந்தத் தொல்லை இல்லை. இயல், இசை, நாடகம் என்று தமிழைப் பிரித்தபோது, பண்ணும் கூத்தும் சேராத மொழிக்கு நாம் கொடுத்த பெயர் இயல். நன்னூல், சொற்கள் புழங்கும் வகையைச் சொல்லும்போது இயல்பு வழக்கு, தகுதி வழக்கு என்று பிரிக்கிறது. தானாக நடப்பது, வழக்கில் உள்ளது என்ற பொருள் இயல் என்ற வேருக்குள்ளேயே இருக்கிறது. அதனால் என் ஓட்டு இயல்மொழிக்கு.

ஒரு கேள்வி வரும். இயல் என்பதோடு மொழி சேர்ந்தால் புணர்ச்சி விதிப்படி இயன்மொழி என்றுதானே ஆக வேண்டும்? ஆகும். ஆனால் அந்தச் சொல் ஏற்கெனவே வேலையில் இருக்கிறது. புறநானூற்றைப் புரட்டினால் பல பாடல்களின் கீழே துறை இயன்மொழி என்று காணலாம்; தலைவனின் இயல்பைச் சொல்லிப் புகழ்வது அந்தத் துறை. அதோடு குழம்பாமல் இருக்கவாவது, புணர்த்தாமல் இயல்மொழி என்றே எழுதுவதை நான் ஆதரிக்கிறேன். கலைச்சொல்லுக்கு இந்தச் சலுகை தகும்.

பிராசசிங் என்பதற்கு முறையாக்கம் என்றால், ஒழுங்கில்லாத மொழியை ஒழுங்குபடுத்தப் போகிறோம் என்று தொனிக்கிறது. அது தவறான தொனி. எந்திரம் செய்யும் வேலையைச் சொல்லும்போது இயல்மொழிச் செயலாக்கம், துறையைச் சொல்லும்போது இயல்மொழி ஆய்வு என்று இரண்டையும் வைத்துக்கொள்ளலாம். ஆங்கிலத்தில் ஒரே சொல் என்பதற்காக நாமும் ஒன்றோடு நிறுத்த வேண்டியதில்லை.

பெயரைவிட எனக்கு முக்கியமாகப் படுவது உள்ளே இருக்கும் கலைச்சொற்கள். அவற்றில் பல நம் இலக்கணத்தில் காத்துக் கிடக்கின்றன. கணினிக்குப் பெரிய தலைவலி ஒரு சொல்லுக்குப் பல பொருள் இருப்பது. தொல்காப்பியம் இதைப் பலபொருள் ஒருசொல் என்கிறது. அதோடு விடாமல், எந்தப் பொருள் என்று எப்படிக் கண்டுபிடிப்பது என்றும் சொல்கிறது:

"வேறுபடு வினையினும் இனத்தினும் சார்பினும்
தேறத் தோன்றும் பொருள்தெரி நிலையே"

மா என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். மா பூத்தது என்றால் மரம், வினை காட்டிக்கொடுத்தது. மாவும் மருதும் ஓங்கின என்றாலும் மரம்தான்; உடன் வந்த இனம் காட்டியது. கவசம் அணிந்து நிற்பவன் மா கொண்டுவா என்றால் குதிரை, அது சார்பு. 1957இல் ஆங்கில மொழியியலாளர் ஃபிர்த், ஒரு சொல்லை அதன் கூட்டாளிகளைக் கொண்டு அறியலாம் என்று எழுதினார். இன்றைய மொழி மாதிரிகளின், அதாவது ஆங்கிலத்தில் லாங்குவேஜ் மாடல் எனப்படும் நிரல்களின், அடிப்படை அந்த எண்ணம்தான். 2017இல் வந்த டிரான்ஸ்ஃபார்மர் என்னும் கட்டமைப்பு, வாக்கியத்தின் ஒவ்வொரு சொல்லுக்கும் மற்றச் சொற்களில் எது எவ்வளவு முக்கியம் என்று எடைபோடுகிறது. தொல்காப்பியர் கணினியைக் கண்டார் என்றெல்லாம் நான் சொல்ல வரவில்லை. கான்டெக்ஸ்ட் என்பதற்குச் சார்பு என்ற கச்சிதமான சொல் இருக்கும்போது சூழமைவு, பின்புலம் என்று தேடி அலைவானேன் என்றுதான் கேட்கிறேன்.

இன்னொரு சிக்கல், சொற்கள் தெளிவாக இருந்தும் வாக்கியம் இரண்டாக நிற்பது. உரைகாரர்கள் தரும் எடுத்துக்காட்டு: புலி கொல் யானை. யானை புலியைக் கொன்றதா, புலி யானையைக் கொன்றதா? இந்த இடத்துக்குத் தொல்காப்பியம் வைத்த பெயர் தடுமாறு தொழிற்பெயர். தடுமாறு! கணினியும் அங்கேதான் தடுமாறுகிறது. புலி கொல் யானை ஓடுகிறது என்று வாக்கியம் நீண்டால் செத்தது புலி என்று நமக்குத் தெரிந்துவிடும். ஆம்பிகுயிட்டி என்பதற்குப் பொருள் மயக்கம் என்கிறோம். இந்த வகைக்குத் தடுமாற்றம் என்றே சொல்லலாம்.

அப்புறம் சொல்லைப் பிரிப்பது. ஆங்கிலத்தில் இடைவெளியைப் பார்த்து வெட்டினாலே பாதி வேலை முடியும். தமிழில் வந்தனன் என்ற ஒரே சொல்லுக்குள் வா என்னும் பகுதி, த் என்னும் சந்தி, த் என்னும் இடைநிலை, அன் என்னும் சாரியை, அன் என்னும் விகுதி எல்லாம் இருக்கின்றன. வா வ எனக் குறுகியதும் சந்தி ந் ஆனதும் விகாரம். நன்னூலின் ஆறு உறுப்பும் ஒரு சொல்லில் கிடைக்கின்றன. மார்பாலஜிக்கல் அனலைசர் என்ற மென்பொருள் செய்வது இதே வேலை. உருபனியல் பகுப்பாய்வி என்கிறார்கள். பகுபதப் பிரிப்பான் என்றால் பள்ளிப் பாடத்தில் பகுபத உறுப்பிலக்கணம் படித்த எவருக்கும் உடனே பிடிபடும்.

கடைசியாக, அண்டர்ஸ்டாண்டிங். இயல்மொழிப் புரிதல் என்று எழுதுகிறோம். 1966இல் கணினி அறிஞர் ஜோசப் வைசன்பாம் எலிசா என்ற நிரலைப் பற்றி எழுதினார். உளமருத்துவரைப் போலப் பேசும் அது, அம்மா என்று நீங்கள் தட்டினால் குடும்பத்தைப் பற்றிச் சொல்லும்படி கேட்கும். சொல்லைப் பார்த்து வாக்கியத்தைத் திருப்பிப்போடும் வித்தை, அவ்வளவே. ஆனாலும் மனிதர்கள் அதனிடம் மனம்விட்டுப் பேசினார்கள், வைசன்பாமுக்கு அது கவலை தந்தது. புரிதல் என்ற சொல்லை எந்திரத்துக்குக் கொடுக்க எனக்கும் தயக்கம்தான். மேலே பார்த்த நூற்பாவிலேயே மாற்று இருக்கிறது: பொருள்தெரிதல். இந்த வாக்கியத்தில் மா என்பது குதிரை என்று எந்திரம் பிரித்துக் காட்டினால், அது பொருள் தெரிந்தது என்று தாராளமாகச் சொல்லலாம். குதிரை என்றால் என்ன என்று அதற்குப் புரிந்ததா என்பது தனிக் கேள்வி. இரண்டுக்கும் ஒரே சொல் போட்டால் அந்தக் கேள்வியைக் கேட்கவே முடியாமல் போய்விடும்.