“உப்பே போடுறதில்லைங்க!”

“முட்டையில உப்பே போடுறதில்லைங்க மேடம், சத்தியமா!” என்றார் அவர். அறுபதைத் தாண்டியவர். ரத்தக்கொதிப்புக்கு இரண்டு மாத்திரை சாப்பிட்டும் அளவு இறங்கவில்லை என்று டாக்டர் உணவு ஆலோசகரான என்னிடம் அனுப்பியிருந்தார். ஊறுகாய், அப்பளம், கருவாடு எல்லாவற்றையும் எப்போதோ நிறுத்திவிட்டாராம்.

காலையில் என்ன சாப்பிடுகிறீர்கள் என்று கேட்டேன். பேத்தி பழக்கிவிட்ட சீஸ் பொடிமாஸ். இரண்டு முட்டை, இரண்டு சீஸ் ஸ்லைஸ், மேலே தூவ பீட்சாவோடு வந்து ஃப்ரிட்ஜ் கதவில் சேர்ந்துகிடக்கும் ஓரிகானோ பொட்டலம் ஒன்று. “அது வெறும் இலைதானே?”

அடுத்த முறை இரண்டின் உறையையும் கொண்டுவரச் சொன்னேன். சீஸ் உறையில் 100 கிராமுக்கு 1400 மி.கி. சோடியம் என்று போட்டிருந்தது. ஒரு ஸ்லைஸ் 20 கிராம். இரண்டுக்கு 560 மி.கி. அதை 2.5 ஆல் பெருக்கினால் உப்புக் கணக்கு வந்துவிடும்: 1.4 கிராம். நாள் முழுவதற்குமே 5 கிராமுக்குள் நிறுத்தச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம். மத்தியானக் குழம்பும் ரசமும் இன்னும் கணக்கில் வரவில்லை. ஓரிகானோ பொட்டலத்தை அவரே கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தார். சேர்மானங்களில் உப்பும் இருந்தது. நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நான் ஒன்றும் சொல்லவில்லை.

ஸ்லைஸ் சீஸ் எண்ணெய் பிரியாமல் வழுவழுவென்று உருகுவதற்குக் காரணம், அதில் சேர்க்கும் சோடியம் சிட்ரேட், சோடியம் பாஸ்பேட் போன்ற உப்புகள். உறையில் 331, 339, 452 என்று எண்களாக ஒளிந்திருக்கும். சமையல் உப்பு மாதிரி இவை நாக்கில் கரிக்காது, அதனால் சந்தேகமே வராது. சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கு இன்னொரு தொல்லையும் உண்டு. முட்டையில் இயற்கையாக இருக்கும் பாஸ்பரஸைவிட, இப்படிச் சேர்த்த பாஸ்பேட்டை உடம்பு எளிதாக உறிஞ்சிக்கொள்ளும். டயாலிசிஸில் இருப்பவர்கள் ஸ்லைஸ் பக்கமே போகாமல் இருப்பது நல்லது.

அதற்காக அவரை வெறும் அவித்த முட்டைக்கு விரட்டவில்லை. எங்கள் வீட்டில் செய்கிற விதத்தையே சொல்லிக்கொடுத்தேன். இரண்டு முட்டை, ஒரு ஸ்பூன் பால், மிளகுத்தூள். நுரைக்க அடிக்க வேண்டாம், கலந்தால் போதும். சிறு தீயில் அரை ஸ்பூன் உப்பில்லாத வெண்ணெய் உருகியதும் ஊற்றிவிட்டு, கொஞ்சம் பொறுத்து ஓரத்திலிருந்து நடுவுக்கு மெதுவாகத் தள்ள வேண்டும். தீ கூடினால் முட்டை இறுகித் தண்ணீர் விட்டுவிடும். முக்கால் பதம் வந்ததும் பத்து கிராம் மொசரெல்லா சீஸைத் துருவிப் போடலாம். உதிர்த்த பனீர் இன்னும் நல்லது, அதில் பொதுவாக உப்பே சேர்ப்பதில்லை.

ஹோட்டல்களில் கொழகொழவென்று எடுப்பார்கள், பார்க்க அழகுதான். ஆனால் வயதானவர்கள், கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள் சாப்பிடுகிற வீட்டில் திரவம் மிச்சமில்லாமல் வேகட்டும். சால்மோனெல்லா கிருமி சாக முட்டை 71 டிகிரி செல்சியஸாவது சூடேற வேண்டும்.

இலைகளை அடுப்பை அணைத்த பிறகுதான் சேர்க்க வேண்டும். முன்னாலேயே போட்டால் வதங்கிக் கறுத்து, வாசனையும் போய்விடும். ஒரு கைப்பிடி கொத்தமல்லி, நாலைந்து புதினா, வெங்காயத்தாளின் பச்சைப் பகுதி. சதகுப்பைக் கீரை கிடைத்தால் விடாதீர்கள், முட்டைக்கு அவ்வளவு பொருத்தம். கடைசியில் இரண்டு சொட்டு எலுமிச்சை. அந்தப் புளிப்பில் உப்பு குறைந்ததே தெரியாது. வாயில் வைத்துப் பார்க்கும் முன் உப்பு டப்பாவைத் தொடக்கூடாது, அவ்வளவுதான்.

ஆறு வாரம் கழித்து வந்தார். சீஸ் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை. மஞ்சள் பையிலிருந்து ஒரு சூப் பாக்கெட், ஒரு சாஸ் பாட்டில், பிஸ்கட் உறை ஒன்று என வரிசையாக எடுத்து மேசையில் வைத்தார். “பெருக்கிப் பாத்துட்டேங்க. சூப்பு கணக்கு மட்டும் சரிதானான்னு பாருங்க, நம்பவே முடியலை.”